விசிலுக்கு நின்றவன்

“ஆட்சேபணை யாருக்காவது உண்டா?”

போன வருடக் கூட்டத்தில் பொன்னுரங்கம் இப்படித்தான் கேட்டார். கேட்டது காது கேளாதோர் கால்பந்துக் கழகத்து உறுப்பினர்களிடம். அதுவும் சுவரைப் பார்த்துக்கொண்டு. வாயசைவைக்கூட யாரும் பார்க்க முடியவில்லை. ஒருவரும் பேசவில்லை.

“ஏகமனதாக நிறைவேறியது!”

அதோடு பாஸ்கல் கழகத்திலிருந்து வெளியே. துறைமுகத்தில் மூட்டை இறக்கும் பாஸ்கல். அணியின் சென்டர் பார்வர்டு. உறுப்பினர் பட்டியலில் பெயர் இல்லாவிட்டால் அடுத்த மாதம் கல்கத்தாவில் நடக்கும் போட்டிக்குப் போக முடியாது.

அவன் செய்த குற்றம் ஒன்றுதான். திருவொற்றியூர் மைதானத்தில் நடந்த ஆட்டத்தில் அவன் ஒன்றைக் கவனித்துவிட்டான். இவர்கள் ஆட்டத்தில் ரெஃப்ரி விசில் ஊதிவிட்டுக் கொடியையும் உயர்த்துவார். கொடியைப் பார்த்த பிறகே எல்லோரும் நிற்பார்கள். கன்னியப்பன் மட்டும் கொடி உயர்வதற்கு முன்பே நின்றான். ஒரு தடவை அல்ல, பல தடவை. கன்னியப்பன், தலைவர் பொன்னுரங்கத்தின் அக்கா மகன்.

காது கேட்கிறவனை எப்படி அணியில் சேர்த்தீர்கள் என்று பாஸ்கல் கேட்டான். நீக்கிவிட்டார்கள். அவன் கோர்ட்டுக்குப் போனான். கோர்ட், வக்கீல் லோகநாதனைக் கமிஷனராகப் போட்டது. அவர் முன்னிலையில் கூட்டத்தை மறுபடி நடத்த வேண்டும், பாஸ்கலை நீக்கியது செல்லுமா என்று உறுப்பினர்களே ஓட்டுப் போட வேண்டும் என்று உத்தரவு.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். ராயபுரத்தில் பொன்னுரங்கத்தின் குடோன். ஜன்னல் கிடையாது. ஈரம் மூட்டையில் ஏறாமலிருக்கத் தரை முழுக்க மரப்பலகை. உச்சியில் இரண்டு பல்பு. கதவோரத்தில் கன்னியப்பன் உட்கார்ந்திருந்தான்.

“வெளியாளுங்க பூந்துருவாங்க சார். கதவைச் சாத்திரலாம்,” என்றார் பொன்னுரங்கம்.

லோகநாதன் தலையாட்டினார். “எல்லாரும் வந்தாச்சா? வந்தவங்க ‘யெஸ் சார்’ சொல்லுங்க!”

எல்லோரும் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பாஸ்கலின் தங்கை ஐரீனுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. “சார், ராத்திரி வரைக்கும் கூவினாலும் ஒருத்தன் சொல்லமாட்டான்.”

லோகநாதன் நாக்கைக் கடித்துக்கொண்டார். “நீ யாரும்மா?”

“பாஸ்கல் தங்கச்சி. கை பாஷை பேசுவேன். இவங்க பேசறத உங்களுக்குச் சொல்றதுக்கு வந்துகீறேன்.”

“அவ மெம்பர் இல்ல சார்,” என்றார் பொன்னுரங்கம் அவசரமாக. “கூட்டத்துல வாயைத் தொறக்கக் கூடாது.”

“நியாயந்தான். நான் பேசறதைக் கையால அவங்களுக்குச் சொல்லு. அவங்க பேசறதை எனக்குச் சொல்லு. சொந்தமா ஒரு வார்த்தை கூடாது.”

ஐரீன் பல்லைக் கடித்துக்கொண்டு முன்னால் வந்து நின்றாள். பொன்னுரங்கம் மெயின் சுவிட்சுக்குப் பக்கத்தில் போய் நின்றுகொண்டதை அவள் கவனிக்கவில்லை.

பொன்னுரங்கம் தீர்மானத்தைக் கையில் எடுத்தார். இருமினார்.

குபீரென்று இருட்டு.

“ஃப்யூஸு போச்சு போல கீது. பரவால்ல, நேரமாவுது,” பொன்னுரங்கத்தின் குரல் இருட்டில் குதிரை வேகத்தில் ஓடியது. “பாஸ்கலை நீக்கியது செல்லும் என்று இக்கூட்டம் தீர்மானிக்கிறது. ஆட்சேபணை யாருக்காவது உண்டா?”

ஐரீனின் கைகள் காற்றில் நின்றன. யாருக்குக் காட்டுவது? விளக்கை அணைத்து இத்தனை பேரின் பேச்சையும் ஒரே நொடியில் பறித்துவிட்டான் பாவி! கத்த வேண்டும்போல் இருந்தது. கத்தினால் கமிஷனர் வெளியே அனுப்பிவிடுவார்.

தம்!

பலகை அதிர்ந்தது. தம்! தம்! யாருடைய கால் என்று அவளுக்குத் தெரியும். கழகத்தில் ஒருவரை ஒருவர் கூப்பிடுவது இப்படித்தான். தரையை உதைத்தால் அதிர்வு அடுத்தவன் காலுக்குப் போய்ச் சேரும். பாஸ்கல் எல்லோரையும் கூப்பிடுகிறான். இன்னொரு கால் சேர்ந்தது, கோல்கீப்பர் ரஷீதாக இருக்கும். பிறகு பத்து, இருபது. குடோனே நடுங்கியது.

“ஆட்சேபணை இல்லாததால ஏகமன...”

“நிறுத்துங்கய்யா!” லோகநாதன் அலறினார். “கதவைத் தொறங்க! யாராவது கதவைத் தொறங்க!”

தாழ்ப்பாள் சத்தம். கதவு விரியத் திறந்தது. வெயில் உள்ளே பாய்ந்தது.

தாழ்ப்பாளில் கை வைத்தபடி நின்றுகொண்டிருந்தான் கன்னியப்பன்.

மற்றவர்கள் கண் கூசித் திகைத்து, கால்களை மெல்ல நிறுத்தினார்கள். லோகநாதன் எழுந்தார். மெதுவாகக் கதவருகே போனார்.

“தம்பி, நான் சொன்னது உனக்குக் கேட்டுதா?”

கன்னியப்பன் காதைத் தொட்டுக் கையை விரித்தான். காலம் கடந்துவிட்டது. ஐரீன் கமிஷனரின் கேள்வியைக் கையால் சொல்ல, ரஷீது வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான்.

“அவன் சும்மா காத்துக்கோசரம் தொறந்தான் சார்,” என்றார் பொன்னுரங்கம்.

“இருக்கட்டும். தீர்ப்பு சொல்றது ஜட்ஜ் வேலை. பார்த்ததை எழுதறது என் வேலை.” லோகநாதனின் பார்வை அணைத்துக் கிடந்த மெயின் சுவிட்சில் நின்றது. “ஃப்யூஸ் போச்சுன்னீங்களே, மெயினை யாரு ஆஃப் பண்ணது?”

பொன்னுரங்கம் சுவிட்சை விட்டு இரண்டடி தள்ளி நின்றுகொண்டார்.

“கதவு தொறந்தே இருக்கட்டும்,” என்றார் லோகநாதன். “இருட்டுல படிச்சது செல்லாது. அம்மா ஐரீன், தீர்மானத்தை முதல்லேருந்து சொல்லு. நிதானமா. எல்லாருக்கும் புரிஞ்சுதான்னு கேட்டுட்டு, அப்புறம் ஓட்டு.”

ஐரீன் வெயிலில் போய் நின்று சொன்னாள். நீக்கியது செல்லும் என்பவர்கள்? கன்னியப்பனும், பொன்னுரங்கத்திடம் வேலை பார்க்கும் சிலரும் கை தூக்கினார்கள். செல்லாது என்பவர்கள்?

குடோனில் கைகள் காடாக எழுந்தன. ரஷீது இரண்டு கையையும் தூக்கியிருந்தான்.

“ஒரு கை போதும்னு சொல்லும்மா!”

லோகநாதன் எண்ணி முடித்தார். பாஸ்கல் உறுப்பினர்தான். கல்கத்தாவுக்குப் போகத் தடையில்லை.

“இதோட வுடமாட்டேன்,” என்று பொன்னுரங்கம் சுவரைப் பார்த்து உறுமினார். “மேல் கோர்ட்டுக்குப் போவேன்!”

ஐரீன் அதையும் கைகளால் அண்ணனுக்குச் சொன்னாள். பாஸ்கல் பொன்னுரங்கத்தின் தோளைத் தட்டித் தன் பக்கம் திருப்பினான். அவனுடைய கைகள் அளவாக, அழுத்தமாகப் பேசின.

“இன்னா சொல்றான்?” என்றார் பொன்னுரங்கம்.

“தாராளமா போங்கன்றான். எந்தக் கோர்ட்டானாலும் நானும் வந்து நிப்பேன்றான். ஆனா இனிமே எதுவா இருந்தாலும் எங்க மூஞ்சப் பாத்துப் பேசுங்கன்றான், தலைவரே.”