மூன்றாம் மாலை

...பொய் என்று சொல்ல முடியாது, எந்தச் சொல்லைத் தொட்டாலும் உண்மையாகத்தானே ஒலிக்கிறது, கொதிகலன் வெடித்தது உண்மை, ஒரு காட்சி நின்றுபோனது உண்மை, மூன்றாம் காட்சியன்று அறுபத்திரண்டு நாற்காலிகளும் நிறைந்திருந்தது உண்மை, பிறகு ஏன் இந்த நான்கு வரிகளை ஏழாம் முறையாகப் படிக்கிறாய், நெஞ்சே, என்று எதெல்கா தன்னையே கேட்டுக்கொண்டாள், கேட்டுவிட்டு மறுபடி முதல் வரிக்குப் போனாள். நாடகப் பார்வையாளர் வட்டத்தின் நாற்பதாண்டு வரலாறு, எழுபத்தாறு பக்கம், குளிர்காலம் முழுவதும் அவள் ஒருத்தியே உட்கார்ந்து எழுதியது, இன்று நான்கு மணிக்குள் அச்சுக்குப் போயாக வேண்டும், மணி இரண்டே கால். எழுபத்தைந்து பக்கங்கள் அமைதியாக இருக்கின்றன, முப்பத்தொன்றாம் பக்கம் மட்டும் உறங்க மறுக்கும் குழந்தையைப் போல... காலையில் வந்த அஞ்சலட்டை இல்லாவிட்டால் அதுவும் உறங்கியிருக்கும். "விழாவுக்கு வருகிறேன். பின்வரிசையில் ஓர் இடம் போதும். ஆகோஷ்." முப்பத்து மூன்று ஆண்டுகளுக்குப் பிறகு ஏழே சொற்கள், அதில் ஒன்று அவன் பெயர். வருகிற சனிக்கிழமை வட்டத்தின் நாற்பதாம் ஆண்டு விழா, ஒவ்வொரு நாற்காலியிலும் ஒரு நூல் வைக்கப்பட்டிருக்கும், அவன் அதை எடுப்பான், தன் ஆண்டைத் தேடுவான், யார்தான் தேடமாட்டார்கள், இந்த நான்கு வரிகளை வாசிப்பான், வாசித்துவிட்டு முன்வரிசையில் இருக்கும் அவளுடைய பிடரியைப் பார்ப்பான்.

ஜன்னலுக்கு வெளியே டெப்ரெட்சன் நகரின் பழைய டிராம் பாதை பெரிய தேவாலயத்தை நோக்கி நீண்டு கிடந்தது. முன்னுரையை எழுதும்போது எவ்வளவு எளிதாக இருந்தது... ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்து நான்கு, பேரிங் தொழிற்சாலையின் நூலக அறையில் பதினொரு பேர் கூடி, நமக்கு நடிகர்கள் இருக்கிறார்கள், அரங்கம் இருக்கிறது, புதிதாக வரும் இயக்குநர்களுக்குத்தான் ஆளில்லை என்று பேசியது, ஆண்டுக்கு ஒரு புது இயக்குநரைத் தேர்ந்து சிற்றரங்கைப் பெற்றுத் தருவது என்றும், அவருக்கு ஒரே ஒரு வாக்குறுதியை அளிப்பது என்றும் முடிவு செய்தது. முதல் மாலைக்கு உறவினர் வருவார்கள், இரண்டாம் மாலைக்கு விமரிசகர்களும் பொறாமைக்காரர்களும் வருவார்கள், மூன்றாம் மாலையில்தான் ஓர் இயக்குநர் அநாதையாகிறான், அந்த மூன்றாம் மாலைக்கு நாங்கள் வருவோம், அரங்கு நிறைய வருவோம், இதுதான் வாக்கு. நாடகம் முடிந்ததும் இயக்குநர் மேடை முன் ஒரு நாற்காலியில் வாய் திறவாமல் அமர வேண்டும், வந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்து, பிடித்தது பிடிக்கவில்லை என்றெல்லாம் சொல்லாமல், கண்டதை மட்டும் சொல்ல வேண்டும். டிராம் ஓட்டுநர் பிரோஷ்கா முதல் ஆண்டிலேயே எழுந்து, "தம்பி, ராணி செத்து விழுந்தப்ப ஒரு கால்ல செருப்பு இருந்துச்சு, தூக்கிட்டுப் போறப்ப ரெண்டு கால்லயும் இருந்துச்சு, செத்தவ எப்பய்யா மாட்டுனா?" என்று கேட்டாள், அந்த இளைஞன் சிவந்து போய்க் குனிந்தான், இன்று தலைநகரில் அவனுக்கென்று ஓர் அரங்கமே இருக்கிறது. வட்டம் தன் வாக்கை ஒருபோதும் மீறியதில்லை... முன்னுரையின் கடைசி வாக்கியம் அது. ஆராதனையில் கடைசிப் பாட்டு முடிந்ததும் ஆர்கன் நின்றுபோகும் அமைதியை எண்ணிக்கொண்டு எழுதிய வாக்கியம்.

தொண்ணூற்றொன்றில் வட்டம் தேர்ந்த இயக்குநர் ஆகோஷ், அவனுக்கு அப்போது இருபத்தேழு வயது, அவளுக்கு முப்பத்து நான்கு, மேல்நிலைப் பள்ளியில் இலத்தீனும் கிரேக்கமும் கற்பித்துக்கொண்டிருந்தாள். திஸா ஆற்றில் தோணி விடும் ஒருத்தி, கடைசிப் பயணியைக் கரையேற்ற மறுக்கிறாள், அவ்வளவுதான் அவனுடைய நாடகம், அதில் நான்கு பெண்கள் சேர்ந்து பாட வேண்டிய பகுதிக்குப் பழஞ்செய்யுளின் நடை வேண்டும் என்று அவளைத் தேடி வந்தான். தொண்ணூற்றொன்றின் ஜனவரி முழுவதும் பள்ளி விட்டதும் அவள் சமையலறை மேசையில் இருவரும், நடுவில் பிளம் ஜாம் தடவிய ரொட்டி, அவள் கிரேக்க அடிகளை நெடில் குறில் பிசகாமல் படித்துக் காட்டுவாள், அவன் கண்ணை மூடிக்கொண்டு விரலால் மேசையைத் தட்டுவான், "இன்னொரு தடவை படிங்க, இந்த எடத்துல தண்ணி சத்தம் கேக்குது" என்பான். நீங்க, நீங்க என்றே இறுதிவரை. எங்கள் பக்கத்தில் ஒருமைக்கு இறங்கலாம் என்று மூத்தவளான பெண்தான் முதலில் சொல்ல வேண்டும், ஒவ்வொரு மாலையும் அதைச் சொல்லிவிடலாம் என்று நாவின் நுனிவரை கொண்டுவந்து, ரொட்டியை அவன் பக்கம் நகர்த்தியதோடு நிறுத்திக்கொண்டாள்... மாலை வந்ததும் மனம் இப்படி நோவது எந்தக் காலத்திலிருந்து, எல்லாப் பழைய மொழிகளிலும் இதே பாட்டுத்தானே, அவள் மாணவர்களுக்கு இலக்கணம் பிரித்துக் கற்பித்த அடிகளெல்லாம் அந்த ஜனவரியில்தான் அவளுக்குப் பொருள் பட்டன.

கதவைத் தட்டாமல் பெர்த்தலான் உள்ளே வந்தார், வட்டத்தின் தலைவர், ஓய்வு பெற்ற பல் மருத்துவர், கையில் சூடான உப்பு ரொட்டித் துண்டுகள். "என்ன எதெல்கா, இன்னும் முப்பத்தொண்ணுலயே குந்தியிருக்கியா? நான் ஒரு வாய்ப் பல்லையும் புடுங்கி முடிச்சிருப்பேனே இந்நேரம்." அஞ்சலட்டையை எடுத்துப் பார்த்தார், கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார். "அட, நம்ம ஆகோஷா! செகெத்ல கண்ணாடிக் கடை வச்சிருக்கானாமே. ஊருக்கெல்லாம் பார்வை குடுக்கறான், நல்ல தொழில்தான்." அவன் அதற்குப் பிறகு ஒரு நாடகமும் போடவில்லை என்றாள் அவள். "அதுக்கு நீ என்ன பண்ணுவ? வெள்ளிக்கிழமை ஆட்டம் நின்னுபோச்சு. நடக்காத ஆட்டத்தை எப்படிக் கணக்குல சேக்கறது? சனிக்கிழமை ரெண்டாவது, ஞாயித்துக்கிழமை மூணாவது. விதி சரியாத்தான் இருக்கு. அன்னிக்கும் நான் இதைத்தான் சொன்னேன், இன்னிக்கும் சொல்றேன். நீயே ஒரு இலத்தீன் வாத்தியாரம்மா, உனக்குப் போய் விதியைப் பத்தி நான் சொல்லணுமா? சாப்பிடு, ஆறிடும்." அவர் போன பிறகும் ரொட்டியின் வாசனை அறையில் நின்றது, அவள் தொடவில்லை.

விதி சரிதான். அந்தப் பிப்ரவரியில் ஒரு வியாழக்கிழமை முதல் காட்சி, அவனுடைய தாய், மாமன்கள், உள்ளூர்ப் பத்திரிகைக்காரர்கள், பொறாமைக்காரர்களும்கூட, எல்லாரும் ஒரே மாலையில் வந்து தீர்த்துவிட்டார்கள். வெள்ளி நண்பகலில் குளிர் பூஜ்யத்துக்குக் கீழே பதினான்கு டிகிரிக்கு இறங்க, கொதிகலன் வெடித்தது, அன்றைய காட்சி இல்லை. வட்டத்தில் ஆறு வரிசைத் தலைவர்கள், அவர்களையும் சேர்த்து வரிசைக்குப் பத்துப் பேர், அந்த ஆறு பேருக்கும் அன்று மாலை அவள்தான் தொலைபேசியில் சொன்னாள், நாளைக்கு வர வேண்டாம், மூன்றாம் மாலை ஞாயிற்றுக்கிழமைக்குத் தள்ளிப் போயிற்று. யாரும் ஏன் என்று கேட்கவில்லை, பிரோஷ்கா மட்டும், "அப்ப நாளைக்கு அந்தப் பையனுக்கு யாரு?" என்றாள், அதற்கு அவள் என்ன சொன்னாள்... விதி என்றுதான் சொல்லியிருப்பாள். சனிக்கிழமை கொதிகலனை ஒருவாறு சரிசெய்தார்கள், காட்சி நடந்தது, கோட்டைக் கழற்ற முடியாத குளிர், அறுபத்திரண்டு நாற்காலிகளில் நான்கு பேர், கடமைக்கு உட்கார்ந்திருந்த தீயணைப்புக்காரர், தங்கள் பேருந்து வரும்வரை ஒதுங்க இடம் தேடி வந்த ஒரு முதிய தம்பதி, பிறகு அவள். வராமல் இருக்கலாம்தானே, ஞாயிறு வரப்போகிறவள்தானே, ஏன் வந்தாள்? தோணிக்காரியின் மூச்சு மேடையில் ஆவியாகத் தெரிந்தது. நான்கு பெண்களும் சமையலறையில் பிறந்த அந்த அடிகளைப் பாடியபோது வெற்று நாற்காலிகள் எதிரொலித்தன, தண்ணீரின் ஓசை உண்மையாகவே கேட்டது. முடிந்ததும் அவன் வந்து மேடை முன் அந்த நாற்காலியில் அமர்ந்தான், வட்டமே இல்லாதபோதும் அமர்ந்தான். தீயணைப்புக்காரர் எழுந்து, "எனக்கு ஒண்ணும் தெரியாதுங்க. தோணி அசையவே இல்ல, ஆனா எனக்குத் தலை சுத்துச்சு" என்றார். முதியவர் பேருந்துக்கு நேரமாயிற்று என்று மனைவியின் கையைப் பிடித்துக்கொண்டு போனார். அவளுடைய முறை வந்தது, கண்டதை மட்டும் சொல்ல வேண்டும், அவள் எழுந்திருக்கவில்லை. அவன்தான் விதியை மீறி வாய் திறந்தான். "எல்லாரும் நாளைக்கா?" ஆமாம், நாளைக்குத்தான் மூன்றாவது. அவன் மெல்லச் சிரித்தான். "அப்ப இன்னிக்கு நடந்தது என்னங்க?" ஞாயிறு காலை ரயிலில் செகெத்துக்குப் போய்விட்டான். அன்று மாலை அறுபத்திரண்டு பேரும் வந்தார்கள், கைதட்டினார்கள், மேடை முன் நாற்காலி வெறுமையாக இருந்தது, பிரோஷ்கா எழுந்து நின்றபடி, "பையனைக் காணோமே, நான் பார்த்ததை யார்கிட்டப் போய்ச் சொல்றது?" என்றாள்.

ஒவ்வொரு பிப்ரவரியிலும் நற்கருணைக்கு முன் தலை குனிந்து இதைத்தான் அறிக்கையிட்டு வந்திருக்கிறாள், ஆண்டவரே, எழுத்தைக் காத்தேன், பொருளைக் கைவிட்டேன், ஒருவனின் வாழ்க்கையை எண்ணிக்கையால் கெடுத்தேன், மன்னியும். மன்னிக்கப்பட்டதாகவே ஒவ்வொரு முறையும் வீடு திரும்பினாள், மறு பிப்ரவரியில் மறுபடி அதே வலி, முழுவதும் அறிக்கையிட்ட பாவம் இப்படியா திரும்பி வரும்?

மணி மூன்றரை. எழுதுகோலை எடுத்து நான்கு வரிகளையும் அடித்தாள். அடித்த இடத்தில் எழுதினாள்: 'சனிக்கிழமை நடந்ததே மூன்றாம் மாலை. வட்டம் அன்று வரவில்லை. நால்வர் பார்த்தனர்.' தயக்கம் வருமுன் தொலைபேசியை எடுத்து, அச்சகத்தில் பக்கங்களை அடுக்கிக்கொண்டிருந்த நோயெமியிடம் வாசித்தாள். மறுமுனையில் விசைகள் தட்டப்படும் ஓசை, பிறகு நின்றது. "எதெல்கா நேனி," என்று மூத்த பெண்ணை அழைக்கும் மரியாதையோடு தொடங்கினாள் நோயெமி, "அப்ப முன்னுரையில கடைசி வாக்கியம்? வாக்கை மீறுனதே இல்லைன்னு பெருமையா போட்டிருக்கீங்களே, அது இடிக்குதே?" எடுத்துவிடு என்றாள். "பெர்த்தலான் ஐயா குதிப்பாரு." குதிக்கட்டும். "சரி, உங்க பாடு. நாலு பேருன்னு மொட்டையா இருக்கே, யாரு யாருன்னு போடலாமா? தெரியுமா உங்களுக்கு?" தீயணைப்புக்காரர் ஒருவர் என்றாள் எதெல்கா, பேருந்துக்குக் காத்திருந்த கணவன் மனைவி... விசைகள் தட்டப்பட்டன. "மூணு ஆச்சு. நாலாவது ஆள் யாரு, நேனி?"

பெயரைச் சொல்வது ஒன்றும் கடினமில்லை, அவனுக்குத் தெரிந்த பெயர்தான், அவன் பின்வரிசையில் அமர்ந்து அதை வாசிக்கும்போது வியப்படையப் போவதில்லை. ஆனால் வாய் திறந்த அந்த நொடியில் வெள்ளிக்கிழமை மாலை நினைவு வந்தது, முதல் வரிசைத் தலைவரின் எண்ணைச் சுழற்றிய தன் விரல் நினைவு வந்தது. அந்த விரலுக்கு முன்னால் வந்தது விதியா, அல்லது நாளை அந்த அரங்கில் அவனையும் தன்னையும் தவிர வேறு யாரும் இருக்கமாட்டார்கள் என்ற எண்ணமா? கோட்டுப் பைக்குள் கைகளைத் திணித்துக்கொண்டு, தன் அடிகளை அவன் குரலாக்கிய அந்தப் பாட்டைக் கேட்டபடி, அவனுடைய அழிவின் நடுவில் உட்கார்ந்திருந்தாளே, அன்று அவள் வருந்தினாளா? இல்லை. நாற்பது ஆண்டுகளின் எல்லா மாலைகளிலும் அந்த ஒரு மாலைதான் அவளுக்குத் திரும்ப வேண்டும், அப்படியே, அந்த வெறுமையோடு... எண்ணிக்கைக்குத்தான் இத்தனை ஆண்டும் மன்னிப்புக் கேட்டிருக்கிறாள், அந்த மகிழ்ச்சியை ஆண்டவரிடம்கூடச் சொன்னதில்லை. "நேனி? லைன்ல இருக்கீங்களா?" இருக்கிறேன் என்றாள், குரல் எங்கிருந்தோ வந்தது, இருக்கிறேன், எழுது.