கவிழ்ந்த மீள்கலம்

உச்சியைக் கடந்த கதிரவன், காலையில் பெய்தோய்ந்த மழையின் ஈரம் உலராத ஓட்டுக் கூரைகளையும், அவற்றின் கீழ் வரிசையாய்த் தொங்கிய துலாக்கோல்களையும், விலைபேசி ஓய்ந்த முகங்களையும் ஒருசேரப் பொன்னாக்கிக்கொண்டிருந்த வேளை அது. நூல்நயம் தேர்ந்தவரே, அக்கடைத்தெருவின் அழகைக் கண்டு மயங்கிவிடாதீர்! மாந்தர் காலத்தை மடக்கக் கற்றிருந்த ஊழி அது. மணம் முடித்த ஒவ்வொரு குடிக்கும் ஊரவை ஒரு மீள்கலம் வழங்கும். செம்மணல் நிறைந்த அச்சிறு பளிங்குக் குடுவையைக் கவிழ்த்தால், அன்றைய பகல் விடியலிலிருந்து மீண்டும் தொடங்கும், மணல் கருத்துப்போகும், பின்னர் எக்காலத்தும் அது உதவாது. கவிழ்த்தவர் ஒருவருக்கே கழிந்த பகல் நினைவிருக்கும். ஏனையோர் ஏதுமறியாமல் பல்துலக்கப் போவர். ஆதலின், வழுக்குநிலத்தில் விழாமல் நடப்பவனைக்கூட, முன்னமே விழுந்து எழுந்தவனோ என்று ஊரார் உற்றுப் பார்த்தனர்.

அத்தெருவின் எடைக்கற்களை ஆய்வதே தொழிலாகக் கொண்ட ஒருவர், வேலையைப் பாதியில் விட்டு வீடு நோக்கி விரைந்துகொண்டிருந்தார். எதையும் ஒருமுறைக்கு இருமுறை நிறுத்துப் பார்த்தே நம்புவதால் மறுநிறையார் என்று அவரைக் கேலியாய் அழைப்பர். மனைவியின் சொற்களையும் அவர் அவ்வாறே நிறுத்துப் பார்ப்பவர் என்பது வீட்டார் மட்டுமே அறிந்தது. அவருக்கு ஏழு அகவையில் ஒரு மகள். பிறந்தது முதலே மூச்சிளைப்பால் வாடிய அவள் பொருட்டே மீள்கலத்தைக் காத்து வைப்பதெனக் கணவனும் மனைவியும் உறுதி பூண்டிருந்தனர்.

காலைமுதல் நிகழ்ந்தவை ஒவ்வொன்றும் அவர் நெஞ்சைக் குடைந்தன. பூனை தாவுமுன்பே மனைவி பாற்சட்டியை மூடியிருந்தாள். வானம் வெளுத்திருக்கையிலேயே கொடித்துணிகளை அள்ளி வந்தாள். அவள் உள்ளே நுழைந்ததும் மழை கொட்டியது. அவர் வினவி முடிக்குமுன் விடை சொன்னாள். எல்லாவற்றுக்கும் மேலாக, ஒரு வேலையும் இல்லாதிருக்க, மகளை அவள் மாமன் வீட்டுக்கு அனுப்பிவிட்டாள். தன்னிடம் எதையோ மறைக்கிறாள் என்று மனம் அடித்துக்கொள்ள, ஆய்வுக்கென எடுத்த முப்பது பல எடைக்கல்லைக் கடையில் வைக்கவும் மறந்து, கையோடு கொண்டுவந்துவிட்டார்.

வீடு புகுந்தவர் நேரே அறைக்குச் சென்று மரப்பேழையைத் திறந்தார். குடுவை கவிழ்ந்திருந்தது. மணல் கரியாய்க் கிடந்தது. மகளுக்கென வைத்திருந்த ஒரே காப்பும் போயிற்றே என்ற கொதிப்போடு திரும்பியபோது, மனைவி வாயிற்படியில் நின்று கல்லைப் பிடித்திருந்த அவருடைய வலக்கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இன்னைக்குப் பகலைத் திருப்பியிருக்கே. எதை மறைக்க?" என்றார். எப்படியேனும் உண்மையைக் கறந்துவிடக் கருதிக் குரலைத் தணித்துக்கொண்டார். "உண்மையைச் சொல்லு. நான் கோபப்பட மாட்டேன்."

அவர் சொல்லச் சொல்ல, அவள் இதழ்களும் ஓசையின்றி அச்சொற்களையே சொல்லின. கடைசிச் சொல்லை அவருக்கு முன்னமே முடித்துவிட்டாள்.

"இதையேதான் நான் திருப்புறதுக்கு முந்தின பகல்லயும் சொன்னீங்க," என்றாள். "அப்ப மணல் செவப்பாத்தான் இருந்துச்சு. குடுவையைத் தூசு தட்டி இடம் மாத்தி வெச்சேன், அவ்வளவுதான். மணலைக்கூட சரியாப் பார்க்காம, நான் திருப்பிட்டேன்னு நினைச்சீங்க. இல்லை இல்லைன்னு எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். சாப்பிட வந்தப்பவும் இதே கல்லு கையில இருந்துச்சு, வீசினீங்க. எம்மேல படலைங்க."

யார்மேல் பட்டது என்று அவர் கேட்கவில்லை. கண்கள் தாமே பேழையருகிலிருந்த மூலைக்குச் சென்றன. மகள் நாள்தோறும் எழுதுபலகையோடு அமரும் இடம் அது. இன்று வெறுமையாய் இருந்தது.

"மூச்சுக்குன்னு வெச்சிருந்தோம்," என்றாள் அவள். "மூச்சுக்குத்தான் செலவாச்சு."

கேட்ட சொல்லை மறுநிறை பார்க்க வாழ்வில் முதன்முறையாக அவருக்குத் துணிவு வரவில்லை. விரல்களை ஒவ்வொன்றாய்ப் பிரித்துக் கல்லைத் தரையில் வைத்தார். செய்ததை அவர் அறியார். செய்யக்கூடியவர் என்பதை மட்டும் நன்கறிந்தார்.

மாலையில் மாமனோடு திரும்பிய மகள், அங்கே தின்றதையும் ஆடியதையும் ஓயாமல் சொல்லியபடி அம்மூலையிலேயே போய் அமர்ந்தாள். அதன்பின் அவர் ஒருநாளும் கல்லை வீட்டுக்குள் கொண்டுவந்ததில்லை. எவரையும் ஐயுற்றுக் கேட்டதுமில்லை. அந்த ஊழி மறைந்தது. காலத்தை மடக்கும் கலையும் அதனோடு மறைந்தது. ஆயினும் அவ்வில்லத்தில் வாழ்ந்த காலமெல்லாம், வெறுங்கையோடு அவர் வாயிலில் நுழையும்போதும், மனைவி முதலில் அவர் கைகளைப் பார்ப்பாள். பிறகே முகத்தைப் பார்ப்பாள்.