ஸ்டூலை எறிந்தது யார்

நாற்காலி அக்காவுக்கு அந்தப் பெயர் வந்ததில் ஆச்சரியம் ஒன்றும் இல்லை. அடித்தவரையும் அடிபட்டவரையும் ஒரே அறையில் உட்கார வைத்துப் பேச வைப்பது அவர் வேலை. அதற்கு முதல் காரியமாக, நூலகத்து மாடி அறையில் பிளாஸ்டிக் நாற்காலிகளைத் தானே தூக்கி வட்டமாகப் போடுவார். நடுவே மேசை கூடாது. இருந்தால் ஆளாளுக்கு அதன் பின்னால் ஒளிந்துகொள்வார்கள். டிஷ்யூ பெட்டி தன் நாற்காலிக்கு அடியில்தான். கண்ணில் படும்படி வைத்தால் வந்தவர்களை 'அழு' என்று சொல்வதுபோல் ஆகிவிடுமாம். இத்தனை நுணுக்கம் தெரிந்த மனுஷிக்குக் கொஞ்சம் தலைக்கனமும் உண்டு. அவர் கூட்டிய வட்டம் எதுவும் இதுவரை பாதியில் கலைந்ததில்லை.

இன்று வருகிறவர்கள் மருந்துக்கடை அம்மாவும் லிஃப்ட் மெக்கானிக்கும். எட்டு மாதத்துக்கு முன் கடை சாத்தும் நேரத்தில், படுக்கையில் கிடக்கும் அப்பாவுக்கு வலி மாத்திரை கேட்டு மெக்கானிக் போனார். டாக்டர் சீட்டு காலாவதியாகியிருந்தது. புதுச் சீட்டு இல்லாமல் தர முடியாது என்றார் அந்த அம்மா. வாசலில் கிடந்த இரும்பு ஸ்டூல் கண்ணாடியை உடைத்துக்கொண்டு உள்ளே வந்தது. அந்த அம்மாவுக்கு வலது கையில் நரம்பு அறுந்து, தைத்து, இரண்டு விரல்கள் இன்றும் மடங்குவதில்லை. மருந்து பாட்டிலின் மூடியைத் திருகக்கூடக் கணவரைக் கூப்பிட வேண்டியிருக்கிறது. அதையாவது சமாளிக்கிறார், பயத்தைத்தான் சமாளிக்க முடியவில்லை. கதவு திறக்கும் சத்தம் கேட்டாலே கவுண்டருக்கு அடியில் குனிந்துவிடுகிறார். கடையை வைத்திருப்பதா, மூடுவதா என்று இந்த மாதக் கடைசிக்குள் கட்டிட உரிமையாளருக்குச் சொல்லியாக வேண்டும். அதற்கு முன் அந்த ஆளை ஒரு தடவை நேரில் பார்த்துவிடலாம் என்றுதான் வரச் சம்மதித்தார்.

வட்டம் கூடும் முன் இரு தரப்பையும் தனித்தனியே போய்ப் பார்ப்பது வழக்கம். தன் வீட்டு சோபாவில் உட்கார்ந்து மருந்துக்கடை அம்மா சொன்னார், "அவரு என்னைப் பாத்துட்டுத்தான் எறிஞ்சாரு. சொன்னா யாருமே நம்ப மாட்டேங்கறாங்க."

"கோபத்துல கண்ணு மண்ணு தெரியாதும்மா. அந்த நேரத்துல எறிஞ்சது கோபம். எதிர்ல யாரு நிக்கறாங்கன்னு அதுக்குத் தெரியாது" என்றார் நாற்காலி அக்கா. ஆறுதலாக இருக்கட்டுமே என்று சொன்னதுதான்.

மெக்கானிக் வீட்டில் அவர் மனைவி முதலிலேயே எச்சரித்துவிட்டார். "இவரு வாயத் தொறக்கறது சாப்பிடவும் கொட்டாவி விடவும்தான். பாத்துக்குங்க." மெக்கானிக் ஒரு ஸ்குரூடிரைவரை உள்ளங்கையில் உருட்டிக்கொண்டிருந்தார். பிறகு மெதுவாக, "பாத்துட்டுத்தான் எறிஞ்சேன் மேடம்" என்றார்.

அக்காவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. இதை அங்கே சொன்னால் வட்டம் அத்தோடு சரி. "அதை அங்க சொல்ல வேணாம். ஆறுற புண்ணைக் கிளறுன மாதிரி ஆயிடும்."

"அப்ப என்னதான் சொல்றது? எனக்குப் பேச வராதே."

அக்கா நாலு வார்த்தை எடுத்துக் கொடுத்தார். அந்தத் தொழிலில் இருப்பவர் செய்யவே கூடாத காரியம் அது. தெரிந்தேதான் செய்தார்.

இப்போது மாடி அறையில், மருந்துக்கடை அம்மா கதவைப் பார்த்த நாற்காலியாகத் தேடி உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் அவர் கணவர். எதிரே மெக்கானிக்கும் மனைவியும். மெக்கானிக் தொண்டையைக் கனைத்தார். மனப்பாடச் செய்யுள் ஒப்பிக்கும் பள்ளிப் பிள்ளைபோல் ஒரே மூச்சில் சொன்னார், "அன்னைக்குக் கோபத்துல எனக்குக் கண்ணு மண்ணு தெரியலைங்க. எறிஞ்சது கோபம். எதிர்ல யாரு நிக்கறாங்கன்னு அதுக்குத் தெரியாது. என்னை மன்னிச்சிடுங்க."

மருந்துக்கடை அம்மா அவரைப் பார்க்கவே இல்லை. அக்காவைப் பார்த்தார்.

"இது எங்க வீட்டு சோபாவுல நீங்க சொன்னதாச்சே?"

நாற்காலி அக்காவுக்கு முகம் செத்துவிட்டது. மழுப்பப் பத்து வழி இருந்தது, பத்தும் அவருக்குத் தெரியும். வெட்கம் பிடுங்கித் தின்றதில் ஒன்றும் வாயில் வரவில்லை.

"ஆமாம்மா. நான்தான் சொல்லிக் குடுத்தேன். அவரு வேற சொல்ல வந்தாரு, நான் தடுத்துட்டேன். தப்பு என்னுது."

"கிளம்பு" என்று எழுந்தார் கணவர். "இந்த நாடகத்தைப் பாக்கவா கடையைப் பூட்டிட்டு வந்தோம்?"

அந்த அம்மா எழவில்லை. முதல் தடவையாக மெக்கானிக்கை நேருக்கு நேர் பார்த்தார். "அன்னைக்கு என்னைப் பாத்தீங்களா, இல்லையா?"

மெக்கானிக் அக்காவின் முகத்தைத் தேடினார். அக்கா தலையைக் குனிந்துகொண்டார். எடுத்துக் கொடுக்க இந்தத் தடவை யாரும் இல்லை.

"பாத்தேன்" என்றார் மெக்கானிக். "எங்கப்பா வலி தாங்காம கத்திக்கிட்டிருக்காரு. நீங்க பேசும்போதே மணியைப் பாத்தீங்க. அதான் தாங்கல. ஸ்டூல் உங்க மேல படணும்னு நினைச்சேன். கொஞ்ச நேரம்தான், ஆனா நினைச்சேன்."

கணவர் பாய்ந்தார். அந்த அம்மா இடது கையால் அவர் சட்டையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தார்.

"கேட்டீங்கல்ல? நான் சொன்னேன்ல? நீங்களும் நம்பல, போலீசும் நம்பல. எட்டு மாசமா எனக்குத்தான் புத்தி பேதலிச்சுப் போச்சோன்னு நினைச்சுக்கிட்டிருந்தேன்." குரல் உடைந்தது. அழுதுவிட்டார். டிஷ்யூ பெட்டியை எடுத்துக் கொடுக்க அக்காவுக்குத் தைரியம் வரவில்லை. மெக்கானிக் மனைவிதான் குனிந்து எடுத்துக் கொடுத்தார்.

"இப்பவும் என் மேல அப்படித் தோணுதா?" என்று மெக்கானிக்கைக் கேட்டார் அந்த அம்மா.

"இல்லம்மா. உங்க கையில ரத்தத்தைப் பாத்ததுமே எல்லாம் போயிடுச்சு. அப்புறம் பயந்துதான் ஓடினேன்."

"இதையும் யாராவது சொல்லிக் குடுத்தாங்களா?"

"கல்யாணமானதுல இருந்து இவரு இவ்வளவு பேசி நானே கேட்டதில்லைங்க" என்றார் மனைவி.

மருந்துக்கடை அம்மா முகத்தைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். "மன்னிக்கறதெல்லாம் என்னால முடியாது. ஆனா கடையை மூடப் போறதில்ல. உங்கப்பாவுக்கு மருந்து வேணும்னா சீட்டோட வாங்க. சீட்டு இல்லாம வந்தா அன்னைக்குச் சொன்னதையேதான் சொல்வேன்."

மெக்கானிக் தலையாட்டினார். வட்டம் முடிந்ததும் இரு தரப்பும் கையெழுத்திடும் ஒப்பந்தத் தாளில், அந்த அம்மா சொன்னதை நாற்காலி அக்கா ஒரு சொல்லும் மாற்றாமல் எழுதினார்.