பஞ்சு நாளும் நூல் நாளும்

முச்சூரிய நாட்டில் மாதத்துக்கு இருபத்தொரு நாள், வருஷத்துக்குப் பதினேழு மாதம். மீதி எட்டு நாளுக்குப் பெயர் சும்மா நாள். மூன்று சூரியன்கள் முறை வைத்து உதிக்கும். அவரவர் சூரியன் இருக்கும்போது மட்டும் அவரவர் விழித்திருப்பார்கள். மற்ற நேரமெல்லாம் தூக்கம்.

இந்தக் காலண்டரைக் கண்டுபிடித்தது நான். எங்கள் மில்லில் சொன்னால் சிரிப்பார்கள். மூன்று ஷிப்ட், மூன்று வாரத்துக்கு ஒரு சுற்று. அதைத் தூக்கி வானத்தில் மாட்டிவிட்டேன், அவ்வளவுதான். கிழமைகளுக்குக்கூட மில் பெயர்தான். ஞாயிறு பஞ்சு நாள், வியாழன் நூல் நாள்.

என் பெயர் மாரிச்செல்வி. ராஜபாளையத்தில் நூல் மில்லில் வேலை. செல்போனில் தொடர்கதை எழுதுகிறேன்; முச்சூரிய நாடு அந்தக் கதையில் வருவது. என் வீட்டுக்காரர் விஜயபாண்டியும் எங்கள் மில்லில்தான் இருந்தார். எட்டு மாதத்துக்கு முன் ஸ்ரீவில்லிபுத்தூரில் வேறொரு மில்லுக்கு ஃபிட்டராகப் போனார். அன்றிலிருந்து எனக்கு ஞாயிறு லீவு, அவருக்கு வியாழன். ஷிப்டும் சேரவில்லை. ஒரே வீட்டில்தான் இருக்கிறோம். ஒருவர் முழித்திருந்தால் மற்றவர் தூங்குவார். கல்யாணமான புதிதில் அய்யனார் கோவில் அருவிக்குப் போய்வந்தோம். இன்னொரு முறை அவரோடு ஒரு பகல் முழுக்க அங்கே இருக்க வேண்டும். நான் கேட்பது பொன்னோ பட்டோ இல்லை, ஒரு பகல். அதுகூட வாய்க்கவில்லையே என்று ஆத்திரம் ஆத்திரமாக வரும்.

அந்த ஆத்திரத்தில் எழுதியதுதான் முப்பத்தொன்றாம் அத்தியாயம். கதாநாயகி அலரியும் அவள் கணவன் வேங்கனும் ஒரு பஞ்சு நாளில் ஒன்றாக அருவிக்குப் போகிறார்கள். படித்தவர்கள் எல்லாம் இதயப் படமாகப் போட்டுத் தள்ளினார்கள். ‘நாப்பதாம் நம்பர்’ என்று நூல் ரகத்தின் பெயரை வைத்துக்கொண்ட ஒரு ஆள் மட்டும் குறை சொல்லியிருந்தார்.

“வேங்கனுக்கு ஓய்வு நூல் நாளில்தானே? பஞ்சு நாளில் எப்படி வந்தான்? காலண்டர் தப்பு.”

ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் இதைப் படித்தேன். எனக்குச் சுருக்கென்றது. என் காலண்டரில் தப்பு கண்டுபிடிக்க இவன் யார்? பதில் போடுவதற்காக முதல் அத்தியாயத்திலிருந்து தேடினேன். வேங்கனுக்கு எந்த நாள் ஓய்வு என்று எங்குமே நான் எழுதவில்லை. எழுத மனசு வரவில்லை என்பதுதான் நிஜம்.

எழுதி வைத்திருந்தது ஒரே ஒரு இடத்தில். அடுப்படியில், தினசரி காலண்டர் அட்டையின் பின்பக்கம், பென்சிலால் கட்டம் போட்டு: அலரி – பஞ்சு நாள், வேங்கன் – நூல் நாள். அந்த அட்டையைத் திருப்பிப் பார்க்க இந்த வீட்டில் இன்னொரு ஆள்தான் உண்டு.

நாலு மணிக்கு அவர் ஷிப்ட் முடிந்து வந்தார். செருப்பைக் கழற்றவிடவில்லை.

“நாப்பதாம் நம்பரு, வாங்க. டீ குடிக்கீயளா?”

அவர் முகம் அசடு வழிந்தது.

“எப்படிக் கண்டுபிடிச்ச?”

“அது கெடக்கட்டும். எப்ப இருந்து படிக்கீய?”

“மொத அத்தியாயத்துல இருந்து. பஸ்சுல போகையில வரையில.”

“எங்கிட்ட ஒரு வார்த்தை சொன்னா வாய் நோவுதாக்கும்?”

“ஏட்டி, எப்ப சொல்ல? நீ தூங்கிட்டுல்லா இருக்க.”

அவரே தொடர்ந்தார். “ஞாயித்துக்கிழமை லீவு கேட்டு மூணு தடவை எழுதிக் குடுத்தேன். எனக்கு முன்னால பதினஞ்சு பேரு நிக்கான். நான் இங்க நாயா அலையுதேன், அந்த வேங்கனுக்கு மட்டும் நீ ஒரே வரியில லீவு குடுத்துட்ட. பொறுக்கல, எழுதிட்டேன்.”

நான் படைத்த ஆள் மேலே என் புருஷனுக்குப் பொறாமை. சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. இரண்டையும் அடக்கிக்கொண்டு டீ போடப் போனேன். அடுப்படியில் அந்த அட்டை. அலரி – பஞ்சு நாள். கதையிலும் சரி, வீட்டிலும் சரி, வேங்கன் நாளைத்தான் இவ்வளவு நாளாக மாற்றப் பார்த்திருக்கிறோம். லீவு என்றாலே ஞாயிறு என்று இரண்டு பேர் மண்டையிலும் ஆணி அடித்திருக்கிறது.

மறுநாள் எங்கள் மேஸ்திரி பாலம்மாள் அக்காவிடம் போய் நின்றேன்.

“அக்கா, என் லீவை வியாழனுக்கு மாத்துதீயளா?”

அக்கா என்னை ஏற இறங்கப் பார்த்தார். “ஞாயித்துக்கிழமைக்குத்தான் இங்க அடிதடி. வியாழனை யாரு கேக்கா? எடுத்துக்கோட்டி.”

பேர் எழுத அரை நிமிஷம் ஆகியிருக்கும். எட்டு மாதம் தொலைத்ததற்கு அரை நிமிஷம்! என்னை நானே அறைந்துகொள்ளலாம் போல இருந்தது.

முப்பத்தொன்றாம் அத்தியாயத்தைத் திருத்தினேன். அலரி தன் பஞ்சு நாளை ஊருக்குக் கொடுத்துவிட்டு நூல் நாளை வாங்கிக்கொண்டாள். அடுத்த வியாழக்கிழமை காலையில் நாங்கள் இருவரும் பைக்கில் அய்யனார் கோவிலுக்குப் போனோம். அருவியில் தண்ணீர் கொஞ்சம்தான். கூட்டமே இல்லை, வேலை நாள் ஆயிற்றே.

பாறையில் உட்கார்ந்தோம். எட்டு மாதத்துப் பேச்சு நெஞ்சுவரை இருந்தது. எதை முதலில் எடுப்பது என்று தெரியாமல் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் கண்ணைத் திறந்து வைத்திருக்கையில் இவ்வளவு நேரம் பார்த்து எத்தனை நாளாயிற்று!

“என்னட்டி அப்படிப் பாக்க?” என்றார்.

“முழிச்சிருக்கீயளான்னு பாக்கேன்” என்றேன்.