மல்லாந்த அந்தார்க்டோபெல்டா

தண்ணீரில் விட்டதும் டைனோசர் கவிழ்ந்தது. செல்வமலர் நிமிர்த்திவிட்டாள். அது இடப்பக்கம் ஒருக்களித்து, ஒரு கணம் யோசிப்பதுபோல் நின்று, நாலு காலையும் மேலே தூக்கிக்கொண்டு மறுபடியும் மல்லாந்தது. காலையிலிருந்து எட்டாவது தடவை.

மிச்சம் என்ற ஊரில் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடம் நடக்கும் வாடகை மண்டபத்தில், இரண்டு மணிக்கு விஞ்ஞானக் கண்காட்சி. செல்வமலர் அங்கே விஞ்ஞானம் சொல்லிக்கொடுப்பவள். அவள் செய்த பொம்மைதான் இந்த அந்தார்க்டோபெல்டா. முதுகில் எலும்புத் தகடுகள் போர்த்திய, இலைதழை தின்னும் பிராணி. அந்தார்க்டிக்கா ஓரத்துத் தீவொன்றில் அதன் எலும்புகள் கிடைத்தன. தரையில் நடந்த பிராணி, ஆனால் எலும்புகள் இருந்ததோ கடலடிச் சேறு இறுகிய பாறையில். செத்த உடல் கடலுக்கு அடித்துச் செல்லப்பட்டு, மிதந்து, பிறகு அமிழ்ந்திருக்க வேண்டும். அந்த மிதப்பைக் காட்டத்தான் இந்தப் பெரிய மீன் தொட்டி.

உடல் ரெஜிபோம் என்னும் வெள்ளை நுரைக்கட்டி, அது மிதக்கும். தகடுகள் களிமண். பத்துத் தகடு போதுமென்றுதான் முதலில் நினைத்தாள். ஆனால் அந்தப் பள்ளிக்கூடத்தில் எழுதாத சட்டம் ஒன்று உண்டு: ஒரு பிள்ளைக்குக் கொடுத்தால் எல்லாப் பிள்ளைக்கும் கொடுக்க வேண்டும். நாற்பத்து மூன்று பிள்ளைகள், நாற்பத்து மூன்று தகடுகள். அதில் பாதி அம்மாமார் கைவேலை. ஒருவரைப் பார்த்து ஒருவர் செய்ததில் உளுந்துவடை அளவுக்குப் பருத்துவிட்டன. "ஒருத்தற்றையும் விடமாட்டன்" என்று பிள்ளைகளுக்கு அவள் வாக்குக் கொடுத்திருந்தாள்.

"டீச்சர், இது நீந்தப் பழகேல்லை," என்றான் றொஜன். பைப் வேலை செய்பவன்; மகள் அங்கே படிக்கிறாள். தொட்டி நிரப்ப வந்தவன் வேடிக்கை பார்த்து நின்றான்.

"செத்தது எங்க நீந்திறது? பாரம் முழுக்க முதுகில. அதுதான் பிரளுது."

"அப்ப கொஞ்சத்தைக் கழட்டுவம். ஆர் எண்ணப் போகினம்?"

"உங்கட மகளின்ர தகட்டில இருந்து தொடங்கட்டோ?"

"ஐயோ! மனிசி என்னை வீட்டுக்குள்ள எடுக்கமாட்டா."

வயிற்றில் பாரம் வைத்தால் சமமாகும் என்று இருவரும் கணக்குப் போட்டார்கள். றொஜன் தன் பையிலிருந்த பித்தளைக் குழாய் மூட்டுகளை வயிற்றில் குடைந்து சொருகினான். பிராணி பிரளவில்லை. மூக்குவரை இறங்கி, பிறகு மெதுவாக அடியில் போய் நின்றது.

"இப்ப நேரா நிக்குது, டீச்சர்."

"ஓம். கடலடியில."

பித்தளையைப் பிடுங்கி எறிந்துவிட்டு மறுபடி மிதக்கவிட்டாள். அது மல்லாந்தது. இந்தத் தடவை அவள் நிமிர்த்தவில்லை, பார்த்துக்கொண்டே நின்றாள். களிமண் தகடே இப்படிப் புரட்டினால், உண்மையான பிராணியை? முதுகில் எலும்புப் பாரம். அழுகும் வயிற்றிலோ வாயு நிரம்பிப் பந்தாக உப்பியிருக்கும். உப்பியது மேலே வரும், பாரமானது கீழே போகும். கைபேசியில் தேடினாள். கனடாவில் கிடைத்த கவச டைனோசர்களில் பெரும்பாலானவை மல்லாந்தே கிடந்திருந்தன.

"றொஜன், இது பிழையாக் கவிழேல்லை. நான்தான் பிழையா நிமிர்த்திக்கொண்டிருந்தனான். அந்தார்க்டிக்காக்காரர் எப்படிக் கிடந்தவரெண்டு ஒருத்தருக்கும் தெரியாது, எலும்பு கொஞ்சந்தான் கிடைச்சது. ஆனா மிதந்திருந்தா இப்பிடித்தான் மிதந்திருப்பார்."

"அது சரி. தகடெல்லாம் தண்ணிக்குள்ள போயிட்டுதே. சனம் வந்து வயித்தையோ பாக்கிறது?"

அதுவும் நியாயம்தான். செல்வமலர் தரையில் முழந்தாளிட்டு, தொட்டியின் முன்கண்ணாடி வழியாக அண்ணாந்து பார்த்தாள். பிறகு எழுந்து மேடையைப் பார்த்தாள். அது இடுப்பளவு உயரம்.

"தண்ணியை இறக்குங்கோ. தொட்டியை மேடை விளிம்பில, ஒரு மேசைக்கு மேல ஏத்திப்போட்டுத் திரும்ப நிரப்புவம்."

"திரும்பவுமோ!" என்று தலையில் கைவைத்தாலும், றொஜன் குழாயைச் சுருட்டத் தொடங்கியிருந்தான்.

ஒன்றே முக்காலுக்கு எல்லாம் சரியாயிற்று. பிராணி வயிறு மேலாக, தன்பாட்டில் மிதந்தது. தொட்டி கண்மட்டத்துக்கு மேலே இருந்ததால், கீழே நின்று அண்ணாந்தவர்களுக்கு முதுகு முழுவதும், நாற்பத்து மூன்று தகடுகளோடும், கண்ணாடி வழியே தெரிந்தது.