அறையில் வேறு யாரும் இல்லை

1

இந்தக் கதையைத் திருடித்தான் எழுதுகிறேன். முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. சார்ஜா ரோலாவில் நாங்கள் மூன்று பேர் ஒரே அறை. எதிர்க்கட்டில் சுஜந்தனுடையது. சாவகச்சேரிக்காரன், கட்டுமானக் கம்பெனி ஒன்றில் ஃபைல் பார்க்கிற வேலை. அவன் தலைமாட்டில் ஐந்து தடித்த புத்தகங்கள். பிரிட்டிஷ் பிரதமர்களையும் அரண்மனையையும் பற்றி ஒரே வரலாற்றாசிரியர் எழுதியவை. நான் காயல்பட்டினத்துக்காரன். அத்தர் கடையில் நிற்கிறேன், மீதி நேரத்தில் கதை எழுதுகிறேன்.

முதல் வரியை எழுதிப் பார்த்தேன்:

'பாலைவனச் செம்மணலின் மேல் சூரியன்—'

(ரோலாவில் ஏது செம்மணல்? எங்கே திரும்பினாலும் மணி எக்ஸ்சேஞ்சுதான்.)

'லண்டனில் மன்னர் காத்திருந்தார். சார்ஜாவில் சுஜந்தன்—'

(மன்னருக்கு இங்கே என்ன வேலை என்று கேட்காதீர்கள். இருக்கிறது, சொல்கிறேன்.)

2

எங்கள் அறையில் ஒரு வழக்கம். வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்து, சாப்பாடும் ஆனபிறகு, ஒருவன் மனைவியோடு பேசப்போனால் மற்ற இருவரும் வெளியேறிவிடுவோம். யாரும் சொல்லவேண்டியதில்லை. அவன் போனை எடுத்ததுமே நாங்கள் செருப்பைத் தேடுவோம்.

இதைப் பற்றித்தான் சுஜந்தன் ஒருநாள் சொன்னான்: "அண்ணை, பிரதமரும் கிழமைக்கு ஒருக்கா மன்னரைப் போய்ச் சந்திக்கிறவர். ரெண்டு பேர்தான், வேற ஒருத்தரும் உள்ளுக்கு இல்லை. குறிப்பும் எடுக்கிறேல்லை. இந்த மனிசன் அஞ்சு புத்தகம் எழுதிப்போட்டு, உள்ளுக்க என்ன கதைச்சவை எண்டு எனக்குத் தெரியாது எண்டு எழுதி வச்சிருக்கிறார்."

"தெரியாதுன்னு சொல்றதுக்கா தம்பி அஞ்சு புத்தகம்?"

"அதாலதான் அண்ணை எனக்கு இவரில விருப்பம்."

(அடிக்குறிப்பாக வைத்துக்கொள்ளுங்கள்: எனக்கு அந்த ஆசிரியரைப் பிடிக்கவில்லை. இட்டுக்கட்டத் தெரியாதவர் என்ன எழுத்தாளர்?)

3

இனி விஷயம். கல்யாணமாகி நான்கு வருடத்தில் சுஜந்தன் தன் மனைவி சிவரூபியோடு இருந்தது மூன்று லீவு மட்டும். இந்த ஆவணியோடு ஊருக்கே வந்துவிடுவதாக அவளுக்கு வாக்குக் கொடுத்திருந்தான். மேனேஜர் கேட்டதும், அவளிடம் ஒரு வார்த்தை சொல்லாமல், இன்னும் இரண்டு வருடத்துக்குக் கையெழுத்துப் போட்டுவிட்டான். மடையன். அவன் தங்கை வாயிலிருந்து அவள் அதைத் தெரிந்துகொண்டாள். "என்னைக் கேக்காமல் முடிவெடுக்கிற ஆளுக்கு நான் எதுக்கு?" என்று ஒரு மெசேஜ், அவ்வளவுதான்.

அதன்பின் ஐந்து வெள்ளி அவள் போனை எடுக்கவில்லை. ஐந்து வெள்ளியும் நாங்கள் வெளியே போய் நின்றோம். ஐந்து நிமிடத்தில் அவனே கதவைத் திறந்து, "வாங்கோ" என்பான். எனக்கு மனசு கேட்கவே கேட்காது.

4

ஆறாவது வெள்ளி அவளே அழைத்தாள்.

அறையின் மூன்றாவது ஆள், மீராசா, டீ குடிக்கப் போனான். நான் போகவில்லை. எங்கள் கதவு வெறும் ப்ளைவுட். காதை வைத்தால் கதை கிடைத்துவிடும்.

முதல் வரைவில் காதை வைத்தேன். அதில் அவள் உறவையே முறித்துவிடுகிறாள். இரண்டாவதில் அவன் அழ, அவள் மன்னிக்கிறாள். நன்றாகத்தான் வந்தது, ஆனால் அந்தப் பெண் இவ்வளவு சுலபமாக இறங்குவாளா? மூன்றாவதில் அவள்—

உண்மையைச் சொல்கிறேன். காதைக் கதவுவரை கொண்டுபோனேன். உள்ளே அவன், "ஓம்" என்றான், அவர்கள் ஊர் 'ஆமாம்'. சின்னப்பிள்ளை மாதிரி ஒரு குரல். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. லிஃப்ட் பக்கம் நடந்துவிட்டேன்.

5

நாற்பது நிமிடம். திறந்தபோது முகம் கழுவியிருந்தான்.

"ஏதும் கேட்டதே, அண்ணை?"

"ஒரு 'ஓம்' மட்டும்."

"கதையா எழுதுவியளே?"

"வேணாம்னா எழுதல தம்பி."

கட்டிலில் உட்கார்ந்து யோசித்தான். "எழுதுங்கோ. என்ன கதைச்சம் எண்டு மட்டும் எழுதாதேங்கோ. கடைசியில அவள் சிரிச்சவள் எண்டு எழுதுங்கோ."

"சிரிச்சாங்களா?"

அவன் போனைச் சார்ஜில் போட்டான். "அடுத்த வெள்ளி எடுப்பாளோ தெரியேல்லை. நீங்கள் ஃபேஸ்புக்கில போடுற கதை ஒண்டும் விடாமல் வாசிக்கிறவள், அண்ணை."

அப்போதுதான் எனக்கு விளங்கியது: அவள் சிரிக்கவில்லை, சிரித்ததாக அவளே வாசிக்கவேண்டும் என்கிறான்.

மற்ற வாசகர்கள் மன்னிக்கவேண்டும். இந்த முடிவு உங்களுக்கில்லை. சிவரூபி தங்கச்சி, நீங்கள் சிரித்ததாக நான் எழுதவில்லை. உங்களைக் கேட்காமல் இன்னொரு ஆம்பளையும் முடிவெடுக்க வேண்டாம் என்று விட்டுவிட்டேன். ஆனால் அவன் சாப்பிட்டே இரண்டு நாளாகிறது. சிரிப்பு வராவிட்டால் பரவாயில்லை, திட்டுவதற்காவது போனை எடுங்கள்.