கிளிப்புத் தாத்தாவுக்குக் கொட்டு

கல்யாண் ஊரிலிருந்து சித்தப்பா வந்து இறங்குவதற்குள் கண்ணில் படுகிற துணிக் கிளிப்பையெல்லாம் கழற்றி ஒளித்துவிடச் சொல்லிப் போயிருந்தான் வெயிலுமுத்து. அப்பா செத்துக் கிடக்கிற காலையில் மகனுக்கு வருகிற கவலையா இது என்று பூமாரிக்குச் சிரிப்பு வந்தது. ஆனாலும் புருஷன் சொன்னதில் நியாயம் இருந்தது. சித்தப்பா கணேசபாண்டியன் ரயில்வே ஆபீஸில் ஓய்வு பெற்றவர், சட்டையில் ஒரு சுருக்கம் பொறுக்காதவர். போன தடவை வந்தவர் உள்ளே பார்த்துவிட்டு, "அண்ணாச்சி, இது வீடா, துணி காயப் போடுத கொடியா?" என்று கேட்டுவிட்டுத்தான் உட்கார்ந்தார்.

கழற்றத் தொடங்கிய பிறகுதான் வீடு எதனால் நிற்கிறது என்று அவளுக்குத் தெரிந்தது. ஒரு கிளிப்பை எடுத்ததும் மிளகாய்ப்பொடிப் பொட்டலம் வாயைப் பிளந்து தும்மல் வந்தது. இன்னொன்றை எடுத்ததும் காலண்டர் விழுந்தது. பாகிஸ்தான் சண்டையின்போது விளக்கு வெளிச்சம் தெரியாமலிருக்க மாமா சன்னலில் கவ்வ வைத்த கறுப்புத்தாள், சண்டை முடிந்தும் வெயிலுக்கு ஆகட்டும் என்று அங்கேயே இருந்தது. அதுவும் சரிந்தது. குடையின் ஒடிந்த கம்பி, குழம்புச் சட்டி மூடியின் பிடி, ஆணியில் தொங்கும் ரேஷன் கார்டு, மேசையின் குட்டைக்காலுக்கு முட்டுக் கொடுத்த பாதிக் கிளிப்பு என்று எல்லாவற்றையும் பிடுங்கி ஒரு பிஸ்கட் டின்னில் போட்டாள்.

மாமனார் பூலோகம் தாராவியில் மரப்பட்டறையில் வேலை பார்த்தவர். அங்கே செய்து சலவைக்கடைகளுக்குப் போகிற மரக் கிளிப்புகளில் கோணலாய் வந்தவை பட்டறையில் அடுப்புக்குப் போகும். அவர் அவற்றை மடியில் கட்டிக்கொண்டு வந்துவிடுவார். கோணல் கிளிப்புதான் நன்றாகக் கவ்வும் என்பது அவர் கட்சி. தோல் பதனிடும் நாற்றம் காற்றில் வந்தால் மூக்கில் ஒன்றை மாட்டிக்கொண்டு சந்துப் பிள்ளைகளிடம் கீச்சுக்குரலில் பேசுவார். தீபாவளிக்குக் கை சுடாமலிருக்க மத்தாப்புக் கம்பியைக் கிளிப்பில் மாட்டிக் கொடுப்பார். பிள்ளைகளும் சும்மா இருக்காது. பின்னால் பதுங்கி வந்து வேட்டி நுனியில் கிளிப்புகளை மாட்டிவிட்டு ஓடும். அவர் ஒன்றும் தெரியாதவர் போல, பின்னால் ஒரு வால் கடகடக்க டீக்கடைக்கு நடப்பார்.

அறையின் குறுக்கே தொங்கிய சேலைத்திரையை மட்டும் பூமாரி தொடவில்லை. கல்யாணமாகி அவள் வந்து சேர்ந்த அன்று மாமாவே வரிசையாகக் கிளிப்புப் போட்டுக் கட்டிய திரை அது. கட்டி முடித்ததும் தன் கட்டிலைத் தூக்கிக்கொண்டு வெளியே போனவர், அப்புறம் மழைநாள் தவிர உள்ளே படுத்ததில்லை. அந்தத் திரை கட்டி வருஷம் பல ஓடியும் வீட்டில் தொட்டில் கட்டவில்லை. குழாயடியில் அதைப் பற்றிப் பேச்சு வந்து அவள் அழுதபடி குடத்தோடு திரும்பிய ஒருநாள், அவர் ஒரு கிளிப்பைத் திறந்து மூடிக் காட்டினார். "ஊர் வாய மூட உலைமூடி இல்லன்னு சொல்லுவாவ. எங்கிட்ட கிளிப்பு இருக்குட்டி. ஆருக்கு மாட்டணும், சொல்லு!" அழுகையோடு அழுகையாகச் சிரித்துவிட்டாள்.

விடியற்காலையில் டீயைக் குடித்து டம்ளரைக் கீழே வைத்தவர் அப்படியே சாய்ந்துவிட்டார். எண்பதைத் தாண்டிய கட்டை, நோய் நொடி இல்லாத போக்கு. கல்யாணச் சாவு என்று சொல்லித்தான் வெயிலுமுத்து பக்கத்திலிருந்த லேபர் கேம்ப்புக்குப் போய்க் கொட்டுக்காரர்களைக் கூட்டி வந்தான். அவர்கள் சந்துமுனையில் தாளைக் கொளுத்தித் தோலைக் காய்ச்சிக்கொண்டிருந்தபோது கணேசபாண்டியன் வந்து சேர்ந்தார்.

வாசல் பெஞ்சில் கிடந்த அண்ணனைப் பார்த்துக் கொஞ்ச நேரம் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு நின்றார். பிறகு கொட்டுக்காரர்கள் பக்கம் கையைக் காட்டினார்.

"அவங்கள ஆருல வரச் சொன்னா?"

"அப்பா ஆசப்பட்டாவ, சித்தப்பா."

"கொட்டடிச்சுத் தூக்கணும்னா பேரப்பிள்ளைக நெய்ப்பந்தம் பிடிக்கணும். அதான நம்ம வழமை? பந்தம் பிடிக்க ஆரு இருக்கா இங்க? பேசாமத் தூக்குங்க. சாவு வீட்டுல நாலு பேர் சிரிக்க வேண்டாம்."

வெயிலுமுத்து தலையைக் குனிந்துகொண்டான். சுற்றி நின்ற பெண்கள் பூமாரியைப் பார்க்காமலிருக்கப் பாடுபட்டார்கள். போன வாரம்தான் மாமா சொன்னார், "எட்டி பூமாரி, என்னய ஊமைச் சாவாத் தூக்க விட்டுராத. கொட்டு வேணும்." "சரி மாமா, நானே அடிக்கேன்" என்று அவள் கேலி பண்ணியிருந்தாள்.

உள்ளே போனாள். பிஸ்கட் டின்னோடு வெளியே வந்து, கோடித்துணியின் ஓரத்தைப் பல்லால் கடித்துக் கிழித்தாள்.

"பந்தம் உண்டு, சின்ன மாமா."

"ஆரு பிடிக்கா?"

"நான் பெத்துக் குடுக்கல. மாமாவே சேத்து வச்சிருக்காவ."

சந்துப் பக்கம் பார்த்து ஒரு குரல் கொடுத்தாள். "ஏ பிள்ளைகளா! தாத்தா குடுத்த கிளிப்ப எடுத்துட்டு வாங்க!"

அதற்கே காத்திருந்தது போல ஒவ்வொரு கதவிலிருந்தும் ஒன்று ஓடி வந்தது. கிளிப்பு இல்லாததுக்கு டின்னில் இருந்தது. பக்கத்து வீட்டுச் சபுரா, "பிரியாணிக்கு வச்சிருந்தது, பிடி" என்று நெய்க் கிண்ணத்தை நீட்டினாள். அவள் மகள் பீவிதான் முதலில் நின்றாள். பூமாரி துணியைத் திரித்து நெய்யில் தோய்த்து அடி நுனியைக் கிளிப்பில் கவ்வ வைத்துக் கொடுத்தாள்.

"அத்த, மத்தாப்பா?" என்றாள் பீவி.

"ஆமா. தாத்தாவுக்கு."

"தாத்தா ஜல்தி எந்திரிப்பாரா?"

"இல்லட்டி. பாத்துட்டே போவாரு."

பெஞ்சைச் சுற்றிச் சுடர்கள் நின்றன. நாடிக்கட்டு கட்டியிருந்தும் மாமா முகம் சிரித்தாற்போலத்தான் இருந்தது. காற்றடித்து ஒரு பொடியன் கையிலிருந்த திரி அணைந்தது. அவன் உதடு பிதுங்கியது. கணேசபாண்டியன் சுற்றும் முற்றும் பார்த்தார். பிறகு வெளுத்த சட்டையோடு சந்தில் குத்துக்காலிட்டு, அவன் கையைப் பிடித்துப் பீவியின் சுடரில் கொளுத்திக் கொடுத்தார். நெய் அவர் கைச்சட்டையில் சொட்டியது. எழுந்தார்.

"என்னல வேடிக்கை பாக்கிய? அடிங்கல!" என்று கொட்டுக்காரர்களைப் பார்த்துக் கத்தினார்.

அடித்த அடியில் தகரக்கூரைகள் அதிர்ந்தன. ஆண்கள் ஆடிக்கொண்டு போனார்கள். பிள்ளைகள் சந்துமுனை வரை குதித்துக்கொண்டு போயின. பூமாரி அழுதாள், சிரித்தாள், இரண்டையும் மறைக்கவில்லை.

எல்லோரும் போனபின் பெஞ்சைக் கழுவிவிட்டாள். வீட்டுக்குள் பொட்டலங்கள் வாய் திறந்து கிடந்தன, சன்னலில் வெயில் அடித்தது. டின் காலியாக இருந்தது. குழாயில் தண்ணீர் வருகிற நேரம் என்று குடத்தை எடுத்து இடுப்பில் வைத்தாள்.

முதுகுக்குப் பின்னால் கிசுகிசுப்பும் அடக்கிய சிரிப்பும் கேட்டன. பிஞ்சுக் காலடிகள் ஓடின. முந்தானை கொஞ்சம் கனத்தது. நெய்யும் கரிந்த மரமும் மணத்தன.

பூமாரி திரும்பிப் பார்க்கவில்லை. ஒன்றும் தெரியாதவள் போல, பின்னால் கடகடவென்று சத்தம் வர, குழாயடிக்கு நடந்தாள்.